பங்காளிகள் மாநாடு

1659இல் யூராய் கிரிழானிச் என்றொரு பாதிரியார் மாஸ்கோவில் வந்து இறங்கினார். க்ரோயேஷியாக்காரர், கத்தோலிக்கர். அவர் மண்டைக்குள் ஒரு மெகா திட்டம் இருந்தது. ரஷ்யர், போலந்துக்காரர், செக், பல்கேரியர், செர்பியர், க்ரோயேஷியர் எல்லோரும் ஒரே ஸ்லாவ் ரத்தம். ரஷ்ய ஜார் தலைமையில் அத்தனை பேரும் ஒன்று சேர வேண்டும். அப்படியே ஆர்த்தடாக்ஸ்காரர்கள் போப்பாண்டவரோடும் ராசியாகிவிட்டால் இன்னும் உத்தமம். இப்படியொரு லட்சியத்தோடு அத்தனை தூரம் வந்த மனிதரை ஜார் அரசாங்கம் எப்படி உபசரித்தது தெரியுமா? இரண்டே வருடத்தில் சைபீரியாவுக்குப் பேக் பண்ணி அனுப்பியது.

தோபோல்ஸ்க் என்ற ஊரில் 15 வருடம் வாசம். வேறொருவராக இருந்தால் ஸ்லாவ் என்ற வார்த்தையைக் கேட்டாலே ஓடியிருப்பார். இவர் அசரவில்லை. சம்மணம் போட்டு உட்கார்ந்து எல்லா ஸ்லாவ்களுக்குமான பொது மொழி ஒன்றுக்கு இலக்கணமே எழுதிவிட்டார். சர்ச் ஸ்லாவோனிக் கொஞ்சம், ரஷ்யன் கொஞ்சம், தாய்மொழி க்ரோயேஷியன் கொஞ்சம். கோடிக்கணக்கானவர்கள் பேச வேண்டிய அந்த மொழியைப் பேசக்கூடிய ஆள் அப்போது உலகத்தில் ஒருவர்தான் இருந்தார். அவரும் தோபோல்ஸ்கை விட்டு நகர முடியாது.

ஜாருக்கு அறிவுரையும் எழுதினார். உங்கள் ஜனங்கள் அளவில்லாமல் குடிக்கிறார்கள், கண்றாவியாக உடுத்துகிறார்கள், எல்லாவற்றையும்விட மோசம், வெளிநாட்டான் எவன் வந்து எதைச் சொன்னாலும் வாயைப் பிளக்கிறார்கள் என்று கடிந்துகொண்டார். வெளிநாட்டிலிருந்து வந்துதான் இதைச் சொன்னார்.

ஸ்லாவ் ஒற்றுமை என்ற ஐடியாவின் சரித்திரத்தில் எந்தப் பக்கத்தைப் புரட்டினாலும் இந்தக் கதைதான். தூரத்தில் இருக்கும்வரை பாசம் பொங்கும். இந்தப் பங்காளிகள் கடிதாசியில் கட்டிப் பிடித்துக்கொள்வார்கள். ஒரே பந்தியில் உட்காரவைத்தால் இலை பறக்கும்.

அடுத்த ஹீரோ யான் கொல்லார். ஸ்லோவாக்கியப் பையன், லூத்தரன் பாதிரியார் படிப்புக்காக ஜெர்மனியின் யேனா நகரத்துக்குப் போனவர். 1817இல் வார்ட்பர்க் கோட்டையில் ஜெர்மன் மாணவர்கள் கூடி, 'ஜெர்மானியர் எல்லோரும் ஒன்றே' என்று உணர்ச்சிவசப்பட்டதைப் பக்கத்தில் நின்று பார்த்தார். அடடா, இதை நாமும் செய்யலாமே! ஸ்லாவ்கள் சாதுவானவர்கள், பாட்டுப் பாடி உழுது பிழைப்பவர்கள், எதிர்காலம் அவர்களுக்கு என்று ஏற்கெனவே ஓர் அறிஞர் சர்டிபிகேட் கொடுத்திருந்தார். ஹெர்டர் என்று பெயர். அவரும் ஜெர்மானியர்தான்.

யேனாவில் கொல்லாருக்குக் காதலும் வந்தது. ஒரு பாதிரியாரின் மகள், பெயர் வில்ஹெல்மினா, சுருக்கமாக மினா. சந்தேகமில்லாத ஜெர்மன் பெண். ஸ்லாவ் தேசபக்தன் ஜெர்மன் பெண்ணைக் காதலித்தால் ஃபேன்ஸ் என்ன நினைப்பார்கள்? கவிஞர் சுலபமான வழி கண்டுபிடித்தார். ஒரு காலத்தில் அந்தப் பக்கமெல்லாம் ஸ்லாவ்கள் வாழ்ந்த மண்தானே? ஆகவே மினா ஸ்லாவ் பெண். சும்மா ஸ்லாவ் பெண் இல்லை, ஸ்லாவ் தேவியின் மகளேதான். 1824இல் 'ஸ்லாவாவின் மகள்' என்று 150க்கு மேற்பட்ட சானெட்டுகளோடு புத்தகம் வந்தது. மினாவிடம் சம்மதம் கேட்டதாகத் தகவல் இல்லை.

கொல்லாரின் ஊர் அப்போது ஹங்கேரிக்குள் இருந்தது. பெண்ணை அந்தக் கண்காணாத பக்கம் அனுப்ப அவள் அம்மாவுக்கு இஷ்டமில்லை. கொல்லார் சளைக்காமல் எழுதிக்கொண்டே இருந்தார். 1832இல் வந்த பதிப்பில் சானெட்டுகள் 600ஐத் தாண்டிவிட்டன. புதிதாக ஒரு ஸ்லாவ் சொர்க்கமும் ஸ்லாவ் நரகமும் சேர்ந்திருந்தன. ஸ்லாவ்களுக்கு நல்லது செய்தவர்கள் மேலே, துரோகிகள் கீழே. சித்திரகுப்தன் வேலையையும் கவிஞரே இழுத்துப் போட்டுக்கொண்டு பெயர் பெயராக ஆள் பிரித்தார். 1835இல் ஒருவழியாக மினாவைக் கல்யாணம் செய்துகொண்டார். ஸ்லாவ் தேவியின் மகளோடு வீட்டில் என்ன பாஷை பேசியிருப்பார் என்று நான் சொல்ல வேண்டுமா?

படித்த ஸ்லாவ் ஒவ்வொருவனும் நான்கு ஸ்லாவ் மொழிகள் கற்று, மற்றவர்கள் புத்தகத்தையும் வாங்கிப் படிக்க வேண்டும் என்பது கொல்லாரின் சித்தாந்தம். நல்ல விஷயம், யாருக்கும் கெடுதலில்லை. அதை விளக்கி 1837இல் புத்தகம் போட்டார். ஜெர்மன் மொழியில். கடைசிக் காலத்தில் ஆராய்ச்சி முற்றிப்போய்ப் பழைய இத்தாலியே ஸ்லாவ் பூமிதான் என்று ஒரு தடித்த நூலையும் எழுதி வைத்துவிட்டுப் போனார்.

நான்கு மொழி என்றாரே, அந்த நான்கில் அவருடைய சொந்த ஸ்லோவாக் தனியாகக் கிடையாது. அதைச் செக்கோடு ஒரே கணக்கில் சேர்த்திருந்தார். 1843இல் சக ஸ்லோவாக்கியரான ல்யுதோவித் ஷ்டூர், ஸ்லோவாக்குக்குத் தனி எழுத்து மொழி வேண்டும் என்று களத்தில் இறங்க, கொல்லார் கொதித்துப் போய் எதிர்க் கோஷ்டி திரட்டினார். ஒட்டுமொத்த ஸ்லாவ் இனத்தையும் இணைக்கப் போனவருக்குச் சொந்தத் தெருவிலேயே பிளவு. இந்த ஷ்டூர் பின்னாளில் மனம் மாறி, ஸ்லாவ்கள் எல்லோரும் பேசாமல் ரஷ்யாவோடு சேர்ந்து, ரஷ்ய மொழியையே இலக்கிய மொழியாக வைத்துக்கொள்ளலாம் என்று எழுதினார். எந்த மொழியில் எழுதினார் என்று கேளுங்கள். ஜெர்மன்!

நிஜமாகவே ரஷ்யாவுக்குப் போய்ப் பார்த்தவர்களும் உண்டு. செக் இளைஞர் ஹவ்லிச்செக், ஸ்லாவ் பக்தி முற்றி 1843இல் மாஸ்கோவில் ஒரு பேராசிரியர் வீட்டுக் குழந்தைகளுக்கு டியூஷன் மாஸ்டராகப் போனார். அடுத்த வருடமே திரும்பி வந்தார். ரஷ்யர்கள் முதலில் தங்களுடையதை எல்லாம் ஸ்லாவ் என்பார்கள், அப்புறம் ஸ்லாவ் எல்லாவற்றையும் தங்களுடையது என்பார்கள் என்று பத்திரிகையில் வெளுத்து வாங்கினார். ஸ்லாவாகப் போனவர் வெறும் செக்காகத் திரும்பிவிட்டார். பக்தி தெளிய ஒரு மாஸ்கோ குளிர்காலம் போதுமானதாக இருந்திருக்கிறது.

இப்போது மெயின் பிக்சர். 1848 ஜூன் 2, பிராக் நகரம். சரித்திரத்தின் முதல் ஸ்லாவ் மாநாடு. முன்னூறுக்கு மேற்பட்ட பிரதிநிதிகள். இடம், ஆற்று நடுவே ஸோஃபியா தீவு. ஆஸ்திரிய அரச குடும்பத்து அம்மையாரின் பெயரை வைத்த தீவு. தலைவர், செக் தேசத்தின் தந்தை என்று போற்றப்பட்ட பலாட்ஸ்கி. செக் மக்களின் வரலாற்றை எழுதிய மாமேதை. முதல் பாகத்தை 1836இல் எந்த மொழியில் வெளியிட்டார் என்று இதற்குள் நீங்களே சொல்லிவிடுவீர்கள்.

மாநாட்டில் யாருக்கு என்ன வேண்டும் என்று பாருங்கள். பலாட்ஸ்கிக்கு ஆஸ்திரிய சாம்ராஜ்யம் பத்திரமாக இருக்க வேண்டும். அப்படியொன்று இல்லாதிருந்தால் நாமே ஒன்றைச் செய்ய வேண்டியிருந்திருக்கும் என்பது அவர் கட்சி. போலந்துக்காரர்களுக்குத் துண்டாடப்பட்ட போலந்து திரும்ப வேண்டும். கலீசியா உக்ரைனியர்களுக்கோ கலீசியாவில் போலந்துக்காரர்களின் பிடி தளர வேண்டும். ஸ்லோவாக்குகளுக்கு ஹங்கேரி எதிரி. போலந்துக்காரர்களுக்கு ஹங்கேரி ஜிகிரி தோஸ்து. ரஷ்யத் தரப்பில் வந்திருந்த பிரபலம், புரட்சிக்காரர் பக்கூனின். அவருக்கு எல்லாவற்றையும் கொளுத்த வேண்டும்.

பேசிப் புரியாமல் கடைசியில் எல்லோரும் ஜெர்மனில் பேசிக்கொண்டார்கள் என்று எதிரிகள் கதை கட்டினார்கள். மார்க்ஸின் நண்பர் எங்கெல்ஸ் இதை ரசித்து ரசித்து எழுதினார். நானும் நம்பத்தான் ஆசைப்பட்டேன், ஆனால் அநியாயம் பேசக்கூடாது. மூன்று பிரிவாக உட்கார்ந்து அவரவர் மொழியில்தான் பேசியிருக்கிறார்கள். மொழி புரிந்ததுதான் பிரச்னையே.

பத்து நாள் தாண்டவில்லை. ஜூன் 12 அன்று தெருவில் கலகம். ஆஸ்திரியத் தளபதி விண்டிஷ்கிரேட்ஸின் மனைவி ஜன்னலோரம் நின்றிருந்தபோது எங்கிருந்தோ வந்த குண்டு பாய்ந்து இறந்துபோனார். தளபதி பின்னர் பீரங்கிகளை நகரத்தின் பக்கம் திருப்பினார். பிரதிநிதிகள் மூட்டை கட்டிக்கொண்டு ஊர் போய்ச் சேர்ந்தார்கள். ஆஸ்திரியாவைக் காப்பாற்றக் கூடிய மாநாட்டை ஆஸ்திரியாவே கலைத்துவிட்டது.

பக்கூனின் கடைசியில் பிடிபட்டு 1851இல் ரஷ்யச் சிறைக்கு வந்தார். அங்கே ஜார் நிக்கோலஸுக்கு நீளமாக ஒரு வாக்குமூலம் எழுதினார். ஸ்லாவ் புரட்சிக்கு உங்களையே தலைமை தாங்கச் சொல்லி அப்போது கடிதம் எழுத நினைத்தேன், மகாராஜா! ஜார் அதை உட்கார்ந்து படித்து ஓரத்தில் குறிப்பெல்லாம் போட்டிருக்கிறார். அந்த இடத்தில், புரட்சிக்கு நான் தலைவரா, ரொம்ப நன்றி என்ற தோரணையில் ஒரு கமெண்ட். விடுதலை மட்டும் செய்யவில்லை.

அடுத்த மாநாடு 1867இல் மாஸ்கோவில், இனவியல் கண்காட்சி என்ற பெயரில். மனேஜ் என்ற பிரம்மாண்டக் கட்டடத்தில், ஒவ்வொரு வட்டாரத்து உடையையும் மாட்டிவிட்டு ஆளுயரப் பொம்மைகளை நிறுத்தியிருந்தார்கள். கல்யாணப் பெண், உழவன், கிராமத்துச் சந்தை என்று செட் போட்டு அமர்க்களம். பலாட்ஸ்கியும் அவர் மருமகன் ரீகரும் உட்பட சுமார் 80 விருந்தினர். ஜாரே நேரில் வரவேற்றார். போலந்துக்காரர்கள் மட்டும் மிஸ்ஸிங். நான்கு வருடம் முன்பு அவர்கள் செய்த கிளர்ச்சியை ரஷ்யா நசுக்கிய சூடு ஆறவில்லை. விருந்தொன்றில் ரீகர் மெல்ல எழுந்து, போலந்து சகோதரர்களோடும் சமாதானமாகப் போகலாமே என்றார். ரஷ்யத் தரப்புக்கு வந்ததே கோபம்! அந்தக் கண்காட்சியில் கடைசிவரை முகம் கோணாமல் ஒற்றுமையாக நின்றவை பொம்மைகள்தான்.

திட்டம் தீட்டுபவர்கள் ஓயவில்லை. 1869இல் தனிலெவ்ஸ்கி என்பவர் மாபெரும் ஸ்லாவ் கூட்டாட்சிக்கு வரைபடமே போட்டார். தலைநகரம் கான்ஸ்டான்டினோபிள். அது துருக்கி சுல்தான் வசம் இருந்ததெல்லாம் சில்லறை விவகாரம். ருமேனியர், ஹங்கேரியர், கிரேக்கர் மூவரும் உறுப்பினர்கள். இவர்கள் ஸ்லாவ்களே இல்லையே என்கிறீர்களா? மேப்பில் நடுவே இடைஞ்சலாக இருக்கிறார்களே, என்ன செய்வது! மீன்வள ஆய்வில் பல வருடம் ஊறியவர் அவர். வலையை வீசும்போது எது சிக்கினாலும் லாபம் என்று அவருக்குத் தெரிந்திருக்கும்.

எழுத்து போதாது, செயல் வேண்டும் என்று கிளம்பினார் ஜெனரல் செர்னியாயெவ். மேலிடத்து உத்தரவுக்குக் காத்திராமல் தாஷ்கண்டைப் பிடித்துப் பெயர் வாங்கியவர். 1876இல் செர்பியா துருக்கியோடு மோதியபோது, சொந்த அரசாங்கத்தின் பேச்சைக் கேட்காமல் பெல்கிரேடுக்குப் போய்ப் படைக்குத் தலைமை ஏற்றார். பின்னாலேயே ரஷ்யத் தொண்டர்கள் ஆயிரக்கணக்கில் வந்து குவிந்தார்கள். களத்தில் வெற்றி வரத் தாமதமானது. பார்த்தார் ஜெனரல். முகாமில் இருந்தபடியே செர்பிய இளவரசர் மிலானை 'அரசர்' என்று அறிவித்துவிட்டார். மிலானைக் கேட்டாரா? கேட்கவில்லை. மிலான் நெளிந்தார். ஐரோப்பா முழுக்கப் புருவம் தூக்கியது. அக்டோபரில் ஜூனிஸ் என்ற இடத்தில் துருக்கியர்கள் படையைச் சிதறடித்தார்கள். அப்புறம் ரஷ்ய ஜார் மிரட்டல் விட்டுத்தான் செர்பியா தப்பித்தது. செர்பியர்கள் கோழைகள் என்றார்கள் ரஷ்யர்கள். ரஷ்யர்கள் குடிகாரர்கள் என்றார்கள் செர்பியர்கள்.

இந்த ஆவேசத்தை அருகிலிருந்து பார்த்து எரிச்சலானவர் டால்ஸ்டாய். 'அன்னா கரேனினா'வின் கடைசிப் பகுதியில் வ்ரோன்ஸ்கியை செர்பியப் போருக்கு ரயிலேற்றிவிடுகிறார். வீர காவியத்துக்குப் புறப்படும் அந்த ஹீரோவுக்கு ஸ்டேஷனில் பல்வலி! தொடரை வெளியிட்டுவந்த பத்திரிகையின் ஆசிரியர் கட்கோவ், ஸ்லாவ் ஆதரவாளர். அந்தப் பகுதியைப் போட மாட்டேன் என்று சொல்லிவிட்டார். டால்ஸ்டாய் சொந்தக் காசில் தனிப் புத்தகமாகப் போட்டார். இன்னொரு பக்கம் தஸ்தயெவ்ஸ்கி, ஸ்லாவ் லட்சியத்தின் பரம ரசிகர். அவரே 1877இல், நாம் விடுவிக்கிற இந்த ஸ்லாவ்கள் நம்மை வெறுக்கத்தான் போகிறார்கள் என்று ஜோசியம் சொன்னார். அடுத்த வருடம் பல்கேரியாவை ரஷ்யா மீட்டுக் கொடுத்தது. முதல் உலகப் போரில் பல்கேரியா ரஷ்யாவுக்கு எதிர் அணி.

ஸ்டாலினும் விடவில்லை. 1946 டிசம்பரில் பெல்கிரேடில் தடபுடலாக ஸ்லாவ் மாநாடு நடந்தது, யூகோஸ்லாவியத் தலைவர் டிட்டோவுக்கு ஏக மரியாதை. 1948 ஜூனில் அதே டிட்டோவைக் கம்யூனிஸ்ட் முகாமிலிருந்தே தூக்கிவிட்டார்கள்.

உருப்படியாக மிஞ்சியவை ஒரு பாட்டும் ஒரு கொடியும். பாட்டு 1834இல் ஸ்லோவாக்கியரான சாமோ தொமாஷிக் எழுதியது. பிராக் வீதிகளில் ஜெர்மனே காதில் விழுந்த துக்கத்தில் எழுதினார். மெட்டு மட்டும் போலந்து தேசப் பாட்டிலிருந்து இரவல். இரண்டாம் உலகப் போரில் ஹிட்லரின் கூட்டாளியான ஸ்லோவாக் அரசு இதைத் தேசிய கீதமாகப் பாடியது. ஹிட்லரை எதிர்த்த யூகோஸ்லாவியக் கெரில்லாக்களும் இதையே பாடினார்கள். போருக்குப் பின் யூகோஸ்லாவியாவின் கீதமும் ஆனது. ஆக, போலந்தும் யூகோஸ்லாவியாவும் மோதிய மேட்ச்களில் ஒரே மெட்டு இரண்டு முறை ஒலித்தது, ஒருமுறை வேகமாக, ஒருமுறை நிதானமாக.

கொடி என்றால் வெள்ளை, நீலம், சிவப்பு. ரஷ்யா, செர்பியா, க்ரோயேஷியா, ஸ்லோவேனியா, ஸ்லோவாக்கியா எல்லாம் இந்த மூன்று வண்ணத்தையே மேலும் கீழும் மாற்றிப் போட்டுக்கொண்டவை. இவற்றுக்கெல்லாம் மூலம் ரஷ்யாவின் மகா பீட்டருடைய கொடி என்று சொல்வதுண்டு. பின்னாளில் கப்பல் கட்டக் கற்க ஹாலந்து போன பீட்டர், அந்த நாட்டுக் கொடியைப் பார்த்துத்தான் இதைச் செய்தார் என்பார்கள்.

1990 ஜூன் 3, ஸாக்ரெப் நகரத்தின் மாக்சிமிர் ஸ்டேடியம். உலகக் கோப்பைக்கு முந்தைய ஃப்ரெண்ட்லி, யூகோஸ்லாவியாவும் ஹாலந்தும். யூகோஸ்லாவிய கீதம் ஆரம்பித்ததும் க்ரோயேஷிய ரசிகர்கள் ஊளையிட்டு அதை மூழ்கடித்தார்கள். ஸ்லாவ் ஒற்றுமைப் பாட்டை, ஸ்லாவ்களே, ஒரே குரலில்! அப்புறம் ஆட்டம் முழுக்க எதிரணிக்குக் கைதட்டினார்கள். ஹாலந்து 2-0 கணக்கில் ஜெயித்தது.