சிகரெட் துண்டும் சிவப்பு லாரியும்

கேள்வி: துருக்கிக் காதல் கதைகளிலும் பாட்டுகளிலும் எந்நேரமும் 'என்னை விட்டுப் போய்விடாதே' புலம்பல்தானா? காதலிக்க அவர்களுக்கு நேரமே கிடையாதா?

பதில்: நேரமா? தாராளமாக உண்டு! ஓரான் பாமுக்கின் 'மியூசியம் ஆஃப் இன்னசன்ஸ்' நாவலில் (2008) கெமால், காதலி ஃபுசுன் வீட்டுக்கு ஏறக்குறைய எட்டு வருஷம் ராச்சாப்பாட்டுக்குப் போகிறான். மேஜையில் அவளுடைய கணவனும் இருப்பான்! சாப்பிட்டவன் சும்மா திரும்புவதில்லை. உப்புக் குடுவை, பீங்கான் நாய் பொம்மை, அவள் பிடித்துப்போட்ட சிகரெட் துண்டு என்று எதையாவது சுருட்டிக்கொண்டு வருகிறான். ஆள் போய்விட்டாலும் சாமான் மிஞ்சுமே என்ற முன்ஜாக்கிரதை. 2012-ல் பாமுக் இஸ்தான்புல்லில் நிஜமாகவே அந்த அருங்காட்சியகத்தைத் திறந்தார். ஒரு சுவர் முழுக்க 4,213 சிகரெட் துண்டுகள், ஒவ்வொன்றின் கீழும் கையெழுத்தில் குறிப்பு. கணக்குப்பிள்ளை தோற்றான்!

பாட்டு சமாசாரம் வேறு. பிழைக்க நகரத்துக்கு வந்த கிராமத்து ஜனங்களின் சோகப் பாட்டுக்குப் பெயர் அராபெஸ்க். அரசு வானொலி அதை வெகுகாலம் வாசலிலேயே நிறுத்தியது. கேசட்டோ ஷேர் வேன் ஏறி ஊர் முழுக்கச் சுற்றியது. அராபெஸ்க் பாடகர் முஸ்லும் குர்செஸின் கச்சேரிகளில் ரசிகர்கள் பிளேடால் தங்களையே கீறிக்கொண்டார்கள். கைதட்டினால் போதாதா, அப்பா!

ஆனால் 'செல்வி போய்லும் அல் யாஸ்மாலிம்' என்ற துருக்கிப் படத்தில் (1977) ஆஸ்யாவை விட்டுப்போன லாரி டிரைவர் திரும்பி வந்து நிற்கிறான், அழகன் வேறு. அவள் அவனைப் பார்க்கிறாள். அவர்களுடைய குழந்தையோ, தன்னை வளர்த்தவரிடம் அப்பா என்று ஓடுகிறது. அவளும் அந்தப் பக்கமே நடந்துவிடுகிறாள்.