மணிப்பட்டை இல்லாத பேச்சு

கே: போன வாரம் போகிற போக்கில் ‘இரோகுவா ராஜதந்திரம்’ என்று எழுதிவிட்டு நழுவிவிட்டீர்கள். யார் ஐயா அவர்கள்? (மன்னார்குடி வாசகர்)

ப: இன்றைய நியூயார்க் மாநிலத்தின் வடபகுதியில் இருந்த பூர்வகுடிக் கூட்டணி. கிழக்கே மோஹாக், மேற்கே செனகா, நடுவில் ஒனன்டாகா, இடையிடையே ஒனைடாவும் கயூகாவும். 1722 வாக்கில் தெற்கிலிருந்து வந்த டஸ்கரோராக்களையும் சேர்த்துக்கொள்ள, ஐந்து ஆறானது. ஒரே நீண்ட வீட்டில் குடியிருப்பவர்களாகத் தங்களைச் சொல்லிக்கொள்வார்கள். கிழக்கு வாசலுக்குக் காவல் மோஹாக், மேற்கு வாசலுக்கு செனகா, நடு அடுப்பு ஒனன்டாகாவின் பொறுப்பு. மகாசபையில் 50 தலைவர் பட்டங்கள். உட்காருகிறவர்கள் ஆண்கள், உட்கார வைப்பதும், சரியில்லை என்றால் எழுப்பி அனுப்புவதும் குலத்தின் மூத்த பெண்கள். ஓட்டெடுப்பு கிடையாது, எல்லாரும் ஒத்துவரும்வரை பேச்சுதான். தொகுதிப் பங்கீடு முடிந்த ராத்திரியே பிரஸ் மீட்டில் முறைத்துக்கொள்ளும் கூட்டணிகளைப் பார்த்துப் பழகிய நமக்கு இதை நம்பக் கஷ்டமாகத்தான் இருக்கும்.

கே: இரோகுவாவுக்கும் ஈரோட்டுக்கும் ஏதாவது தொடர்பு உண்டா? (பவானி வாசகர்)

ப: உண்டு. இரண்டிலும் ‘ரோ’ இருக்கிறது.

கே: எழுத்தே இல்லாதவர்கள் எப்படி ஒப்பந்தம் போட்டார்கள்? (காரைக்குடி வாசகி)

ப: எழுதத் தெரிந்தவர்களைவிட ஒழுங்காக. வந்த விருந்தாளி நேரே ஊருக்குள் நுழைந்துவிட முடியாது. காட்டோரத்தில் நிறுத்தி, நெருப்பு மூட்டி, முதலில் துக்கம் கேட்பார்கள். போன தடவை பார்த்ததற்குப் பிறகு உங்கள் பக்கம் யாராவது செத்திருப்பார்கள், எங்கள் பக்கமும் அப்படித்தான். ஆகவே உங்கள் கண்ணீரைத் துடைக்கிறோம், காதடைப்பை எடுக்கிறோம், தொண்டையைச் சரிசெய்கிறோம். அழுத கண்ணும் அடைத்த காதுமாக உட்கார்ந்தால் பேச்சு உருப்படாது என்று தெரிந்துவைத்திருந்தார்கள்.

அப்புறம் வாம்பம். கடல் சிப்பி ஓடுகளை இழைத்துச் செய்த வெள்ளை, ஊதா மணிகளைக் கோத்த பட்டை. ஒரு விஷயத்துக்கு ஒரு பட்டை, சின்ன விஷயம் என்றால் ஒரு சரம். பட்டை நீட்டாமல் சொன்னது வெறும் அரட்டைக் கணக்கில் போய்விடும். எதிராளி வாங்கிக்கொண்டால் யோசிக்கிறான், தூக்கி எறிந்தால் காரியம் கெட்டது. அன்றைக்கே பதில் சொல்வது மரியாதை இல்லை. மறுநாள் பேச்சாளர் எழுந்து, நேற்று நீங்கள் சொன்னதையெல்லாம் பட்டை பட்டையாகக் கையில் எடுத்து, வரிசை தப்பாமல் ஒப்பித்துவிட்டு, அதற்குப் பிறகுதான் தன் பதிலை ஆரம்பிப்பார். நடுவில் ஒருவரும் வாயைத் திறக்கக் கூடாது. அவர் உட்கார்ந்த பின்னும், ஏதாவது விட்டுப்போயிருந்தால் சேர்க்கட்டும் என்று சும்மா இருப்பார்கள்.

என் நெடுநாள் கோரிக்கை இங்கே மறுபடி: நம் ராத்திரி ஒன்பது மணி டிவி விவாத நெறியாளர்களை ஆறு மாதம் ஒனன்டாகாவுக்கு டெபுடேஷனில் அனுப்ப வேண்டும். எட்டுப் பேர் ஒரே நேரத்தில் கத்தி எந்த சாம்ராஜ்யத்திடமும் ஒரு காணி நிலம்கூட வாங்கியதில்லை.

அரை நாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு கிளம்பிவிடலாம் என்று வந்த வெள்ளைக்காரர்களும் கடைசியில் வழிக்கு வந்தார்கள். 1744இல் லங்காஸ்டரில் பென்சில்வேனியா, மேரிலாந்து, வர்ஜீனியா மூன்றின் பிரதிநிதிகளும் முறைப்படி பட்டை நீட்டி, இரோகுவாக்களோடு சேர்ந்து ‘யோ-ஹா’ என்று ஒப்புதல் முழக்கமும் போட்டார்கள். அயர்லாந்தில் பிறந்து பிரிட்டிஷாருக்காகப் பூர்வகுடி விவகாரங்களைக் கவனித்த வில்லியம் ஜான்சனோ இரங்கல் ஊர்வலத்தில் தானே பாடிக்கொண்டு போனவர்.

கே: பிரெஞ்சு கவர்னரை ‘அப்பா’ என்று கூப்பிட்டார்களாமே. அவ்வளவு அப்பாவிகளா? (தஞ்சாவூர் வாசகர்)

ப: பிரெஞ்சுக்காரர்களும் உங்களைப் போலத்தான் நினைத்து மீசையை முறுக்கினார்கள். அவர்கள் ஊரில் அப்பா என்றால் அதட்டுகிறவர். இரோகுவா வீடு அம்மா வழி வீடு. பிள்ளை அம்மாவின் குலம். அதட்டல் அதிகாரமெல்லாம் அம்மாவுக்கும் அவளுடைய அண்ணன் தம்பிகளுக்கும். அப்பா வேறு குலத்து ஆள், செல்லம் கொடுப்பதும் கேட்டதை வாங்கித் தருவதும் அவர் உத்தியோகம். கவர்னரை அப்பா என்று கூப்பிட்டால் ‘துப்பாக்கி மருந்து எங்கே, கம்பளி எங்கே’ என்று அர்த்தம். உண்மையிலேயே அவருக்கு அடங்கி நடக்க நினைத்திருந்தால் தாய்மாமா என்று கூப்பிட்டிருப்பார்கள். ஆங்கிலேயரிடம் இந்த வம்பே வைத்துக்கொள்ளவில்லை, ‘சகோதரரே’ என்றதோடு சரி.

தாய்மாமன் பேச்சு வந்துவிட்டதால் நமக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. ராச்செஸ்டர் வக்கீல் லூயிஸ் ஹென்றி மார்கன் செனகாக்களின் உறவுமுறைகளை எழுதிக்கொண்டு போனார். அப்பாவின் சகோதரரும் அப்பாதான், அம்மாவின் சகோதரியும் அம்மாதான். அவர்கள் பிள்ளைகள் அண்ணன் தங்கை. அத்தை பிள்ளையும் மாமன் பிள்ளையும் மட்டும் வேறு கணக்கு. ஆற்காட்டு அமெரிக்க மிஷனின் ஸ்கட்டர் குடும்பத்தார் மூலம் தமிழ் உறவுமுறைப் பட்டியல் கைக்குக் கிடைத்ததும் மனிதர் துள்ளிக் குதித்தார்: பெரியப்பா, சித்தி, மாமா, அத்தை என்று அச்சாக அதே ஏற்பாடு! பூர்வகுடிகள் ஆசியாவிலிருந்து வந்ததற்கு இதுவே சாட்சி என்று 1871இல் பெரும் புத்தகமே போட்டுவிட்டார். அந்தச் சாட்சி செல்லவில்லை. ஆனால் மானிடவியல் பாடப் புத்தகங்களில் இரோகுவா முறையும் திராவிட முறையும் இன்றும் அக்கம்பக்கத்து வீடுதான். அவர்கள் மாமன் மகளைக் கட்டுவதில்லை என்பதால் சம்பந்தம் பேச வழியில்லை.

கே: இரண்டு பக்கமும் ஆடினார்கள் என்கிறார்களே, உதாரணம்? (விருதுநகர் வாசகர்)

ப: 1701 கோடைக்காலம். ஜூலையில் ஒரு குழு ஆல்பனிக்குப் போய், பெரிய ஏரிகளைச் சுற்றிய விஸ்தாரமான பீவர் வேட்டை நிலத்தை இங்கிலாந்து ராஜாவின் பாதுகாப்பில் எழுதிக் கொடுத்தது. அந்த நிலத்தில் பெரும்பகுதி அப்போது அவர்கள் கையிலேயே இல்லை! அதே சமயம் இன்னொரு குழு மாண்ட்ரியலில் உட்கார்ந்து, பிரெஞ்சுக்காரர்களோடும் அவர்களுடைய பூர்வகுடித் தோழர்களோடும் சமாதானம் பேசியது. இரு வெள்ளையர்களும் அடித்துக்கொண்டால் நாங்கள் ஒதுங்கிக்கொள்வோம் என்றது. பத்திரப் பதிவு ஆல்பனியில், நடுநிலை மாண்ட்ரியலில். இரண்டு பேரும் தாங்கள்தான் ஜெயித்தோம் என்று ஊருக்குக் கடிதம் எழுதினார்கள்.

மாண்ட்ரியலுக்கு வந்தவர்கள் ஆயிரத்து முந்நூறு பேர் இருக்கும். அந்தச் சமாதானத்துக்காக அதிகம் உழைத்தவர் இரோகுவாக்களின் பழைய எதிரி, ஹூரான் தலைவர் கொண்டியாரோங்க். கடுங்காய்ச்சல், நிற்க முடியவில்லை. சாய்வு நாற்காலி கொண்டுவந்து உட்கார வைக்க, அதிலிருந்தபடியே நெடுநேரம் பேசினார். அந்த ராத்திரியே போய்விட்டார். ஆகஸ்ட் 4 அன்று மற்றவர்கள் கையெழுத்திட்டார்கள். கையெழுத்து என்றால் கரடி, கொக்கு என்று அவரவர் குறியைப் பேனாவால் வரைவது.

கே: ‘நட்புச் சங்கிலி’ என்றால் என்ன? (ஆம்பூர் வாசகர்)

ப: ஆங்கிலேயரும் இரோகுவாக்களும் ஒருவரையொருவர் கட்டிக்கொண்டதாகச் சொல்லிக்கொண்ட வெள்ளிச் சங்கிலி. வெள்ளி கறுக்கும், அடிக்கடி கூடி மெருகேற்ற வேண்டும். கூடும் செலவு, சாப்பாடு, பரிசு எல்லாம் ஆங்கிலேயர் கணக்கு. வெள்ளியைத் தேர்ந்தெடுத்தவர் புத்திசாலி! 1753இல் மோஹாக் தலைவர் ஹெண்ட்ரிக் சங்கிலி அறுந்துவிட்டது என்று நியூயார்க் கவர்னர் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டுக் கிளம்ப, லண்டனுக்குத் தூக்கம் போய், மறு வருஷமே ஆல்பனி மாநாடு கூட்டினார்கள்.

கே: எங்கள் பையனை நல்ல காலேஜில் சேர்க்க வழி சொல்லுங்கள். (நாமக்கல் வாசகர்)

ப: அந்த லங்காஸ்டர் மாநாட்டிலேயே பதில் இருக்கிறது. வர்ஜீனியாக்காரர்கள் உங்கள் பிள்ளைகளை வில்லியம்ஸ்பர்க் கல்லூரிக்கு அனுப்புங்கள் என்றார்கள். ஒனன்டாகா பேச்சாளர் கனசடேகோ, எங்கள் வழக்கம் வேறு, மன்னியுங்கள் என்று சுருக்கமாக முடித்தார். பெஞ்சமின் ஃப்ராங்க்ளின் நாற்பது வருஷம் கழித்து இதற்குக் காது மூக்கு வைத்தார்: படித்துத் திரும்பிய பையன்களுக்கு ஓடத் தெரியவில்லை, குளிர் பசி தாங்கவில்லை, ஆகவே வர்ஜீனியாப் பையன்களை எங்களிடம் அனுப்பினால் ஆளாக்கித் தருகிறோம் என்றதாக. நான் ஃப்ராங்க்ளின் கட்சி. நாமக்கல்லுக்கே கோச்சிங் யோசனை சொல்லும் அளவுக்கு எனக்குத் துணிச்சல் இல்லை.

கே: இவ்வளவு சாமர்த்தியம் இருந்தும் நிலம் போய்விட்டதே. எல்லாம் வீண்தானே? (திண்டுக்கல் வாசகி)

ப: இதற்கு வேடிக்கையாகப் பதில் சொல்ல வரவில்லை, அம்மா. அவர்களும் அடுத்தவர் நிலத்தை விற்றவர்கள்தான். 1768இல் ஸ்டான்விக்ஸ் கோட்டையில் ஒஹையோ ஆற்றுக்குத் தெற்கே எழுதிக் கொடுத்தது ஷானி என்ற வேறு பூர்வகுடியினர் வேட்டையாடிய காடு. கையெழுத்தும் பணமும் இரோகுவாக்களுடையது. தன் வாசலுக்கு வந்த குடியேற்றத்தை அடுத்த வீட்டுக்குத் திருப்பிவிட்டார்கள். தவிர, இரண்டு வெள்ளையர்கள் இருக்கும்வரைதான் அவர்கள் தராசு ஆடியது. 1763இல் பிரெஞ்சுக்காரர்கள் போனார்கள். அமெரிக்கப் புரட்சியில் பெரும்பாலோர் பிரிட்டிஷ் பக்கம் நிற்க, 1779இல் வாஷிங்டன் அனுப்பிய படை நாற்பது ஊர்களை விளைந்த சோளத்தோடு கொளுத்தியது. 1783 பாரிஸ் ஒப்பந்தத்தில் பிரிட்டிஷார் இவர்கள் பேரைக்கூடச் சேர்க்கவில்லை.

இருந்தும் 1794இல் கனன்டைகுவாவில் அதே வாஷிங்டன் அரசு உட்கார்ந்து ஒப்பந்தம் போட்டது: இந்த நிலம் உங்களுடையது, வருஷம் 4,500 டாலர் பெறுமான சாமான் தருகிறோம். 1960களில் கின்சுவா அணை கட்டி செனகாக்களின் சுமார் 10,000 ஏக்கரை மூழ்கடித்தார்கள். ஒப்பந்தத்தைக் காட்டி கென்னடியிடம் முறையிட்டும் பயனில்லை. ஆனால் சாமான் மட்டும் இன்றும் வருகிறது, பருத்தித் துணியாக, தலைக்குச் சொற்ப அளவில். அதை அவர்கள் வேண்டாம் என்று சொல்வதில்லை. வாங்கிக்கொண்டிருக்கும்வரை ஒப்பந்தம் உயிரோடு இருக்கிறது, நிலவழக்கு நடத்தலாம். வீண் என்று நான் சொல்லமாட்டேன்.

கே: அமெரிக்க அரசியல் சட்டம் இவர்களைப் பார்த்து அடித்த காப்பியா? (கும்பகோணம் வாசகர்)

ப: வரலாற்றாசிரியர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள். காப்பி விஷயத்தில் உங்கள் ஊரோடு வாதாட நான் தயாரில்லை.

கே: இப்போதும் தனி நாடு என்கிறார்களா? (சிவகாசி வாசகர்)

ப: பாஸ்போர்ட்டே வைத்திருக்கிறார்கள். 1923இல் கயூகா தலைவர் டெஸ்கஹே அப்படியொரு பாஸ்போர்ட்டில் ஜெனீவா போய் சர்வதேச சங்கத்தின் கதவைத் தட்டினார், திறக்கவில்லை. 2010இல் அவர்களுடைய லாக்ரோஸ் பந்தாட்ட அணி உலகப் போட்டிக்குக் கிளம்ப, இந்தப் பாஸ்போர்ட்டுக்கு விசா தர முடியாது என்றது பிரிட்டன். வேறு பாஸ்போர்ட்டில் போக அணி மறுத்துவிட்டது. லாக்ரோஸை உலகத்துக்குக் கொடுத்ததே பூர்வகுடிகள்தான்.