ஸ்தானிகரும் ஆசனமும்

ராஜ்யங்களின் தலைவிதியை நிர்ணயிப்பவர் ராஜதந்திரி என்று பத்திரிகை வாசகர்கள் நம்பியிருக்கலாம். ஆனால் 1946-ல் தோன்றிய நமது வெளிநாட்டுச் சேவையில் மூன்றாம் காரியதரிசியாகப் புகுந்து, இரண்டாம் காரியதரிசி, முதல் காரியதரிசி என்று எண் குறையக் குறைய அந்தஸ்து உயரும் அந்த விசித்திரப் படிக்கட்டில் ஏறி, ஸ்தானிகராகி ஓய்வு பெற்ற ஒருவரோடு சிறிது பழகிப் பார்த்தால், அவர் ஆயுள் முழுவதும் கவலைப்பட்டது விருந்து மண்டபத்தில் தமது நாற்காலி எங்கே கிடக்கும் என்பதைப் பற்றித்தான் என்பது விளங்கிவிடும்.

இதை அற்ப விஷயம் என்று எண்ணலாகாது. 1661-ல் லண்டனுக்கு ஸ்வீடன் ஸ்தானிகர் வந்து இறங்கியபோது, ஊர்வலத்தில் அவருக்கு அடுத்தபடி யாருடைய வண்டி செல்வது என்று ஸ்பெயின் ஸ்தானிகரின் ஆட்களும் பிரான்ஸ் ஸ்தானிகரின் ஆட்களும் நடுத்தெருவில் மோதிக்கொண்டு, குதிரைகளோடு சில மனிதர்களும் மாண்டுபோக, பதினான்காம் லூயி மன்னர் யுத்தம் தொடுப்பதாகவே மிரட்டினார். இத்தகைய விபரீதங்களைத் தவிர்க்கத்தான் 1815-ல் வியன்னா மகாசபை, தேசத்தின் பெருமையைப் பாராமல், ஸ்தானிகர் தம் வருகையை முறைப்படி அறிவித்த தேதியைக் கொண்டே வரிசை என்று விதித்தது. சாராம்சத்தில் ரேஷன் கடை நியாயம்தான்! ஒரு வாரம் முந்திவந்த குட்டித் தீவின் பிரதிநிதிக்குக் கீழே வல்லரசின் பிரதிநிதி வருஷக்கணக்கில் அமர நேரிடும். நெடுங்காலம் ஓரிடத்தில் வேரூன்றியவர் தூதர் கூட்டத்துக்கே தலைவராகி விடுவார். மூன்று வருஷத்துக்கொரு முறை மூட்டை கட்டும் நம்மவருக்கு அந்தப் பாக்கியம் கிட்டுவது அபூர்வம்.

அவருடைய எழுத்தும் ஓர் அலாதி. அயல் அரசைக் கண்டிக்கும் கடிதமும் வந்தனத்தில் தொடங்கி, தமது உன்னத மதிப்பை மீண்டும் உறுதி கூறுவதில்தான் முடியும். சண்டையெல்லாம் நடுப் பாராவில். வீட்டுக்காரருக்கு வாடகைத் தகராறு பற்றி எழுதும்போதும் இந்தப் பழக்கம் போவதில்லையாதலால், அந்த மனிதர் அதை வாழ்த்துக் கடிதம் என்று எண்ணி மறுமாதமும் வாடகையை உயர்த்திவிடுகிறார்.

இப்படிப்பட்டவரை, டில்லி கரோல்பாகில் ஒரு கல்யாணத்தில், மத்தியஸ்தத்துக்கு அழைத்தார்கள். முதல் பந்தியில் தலை இலை பெண்ணின் தாய்மாமனுக்கா, பிள்ளையின் பெரியப்பாவுக்கா என்பது விவகாரம். நம் ஸ்தானிகர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, இருவரில் சத்திரத்துக்கு முதலில் வந்து சேர்ந்தவர் யார் என்று சாவதானமாக விசாரித்தார்.

"என்ன ஸார் இது? வந்த நேரத்துக்கா மரியாதை, உறவுக்கா?" என்று தாய்மாமன் சீற, "அப்படிக் கேளுங்கள் சம்பந்தி!" என்று பெரியப்பா அவர் தோளில் கை போட, இருவரும் சேர்ந்தே பந்திக்குள் நுழைந்தார்கள். ஸ்தானிகருக்கு மூன்றாம் பந்தியில், கை கழுவும் தொட்டிக்குப் பக்கத்தில் இலை கிடைத்தது.