கப்பல் திருடிய எம்.எல்.ஏ.

1862 மே 13, விடியும் முன். அமெரிக்க உள்நாட்டுப் போர் உச்சத்தில் இருக்கிறது. ராத்திரி கப்பலிலேயே தங்க வேண்டும் என்பது உத்தரவு. ஆனால் சார்ல்ஸ்டன் துறைமுகத்தில் நின்ற தென்தரப்புப் படையின் 'பிளாண்டர்' கப்பலின் மூன்று வெள்ளை அதிகாரிகளும் கரையில் நிம்மதியாகக் குறட்டை விட்டார்கள். கப்பலில் இருந்ததோ அடிமைச் சிப்பந்திகள் மட்டும். இவனுகளால் என்ன ஆகிவிடும்!

சுக்கான் பிடிக்கும் ராபர்ட் ஸ்மால்ஸுக்கு வயது 23. கேப்டனின் வைக்கோல் தொப்பியைத் தலையில் கவிழ்த்தார், கொடியை ஏற்றினார், கிளம்பினார். பக்கத்துத் துறையில் பெண்டாட்டி பிள்ளைகளையும் ஏற்றிக்கொண்டாயிற்று. சம்டர் கோட்டை வந்ததும் கேப்டன் மாதிரியே கையைக் கட்டி நின்றுகொண்டு, ஊதலில் இரண்டு நீளம், ஒரு குட்டை. காவலாளி வழிவிட்டான். அரையிருட்டில் தொப்பிதான் தெரியும், தோலா தெரியும்? வெளியே காத்திருந்த வடக்கத்திப் போர்க்கப்பல் சுடக் குறிவைத்த நேரத்தில் ஒரு படுக்கை விரிப்பு வெள்ளைக்கொடியாக மேலே ஏறியது.

வடக்கத்தியரிடம் ஒப்படைத்த பீரங்கிகள், ரகசியச் சமிக்ஞைப் புத்தகம், கப்பல் எல்லாவற்றுக்கும் சேர்த்து நம்மாளுக்குக் கிடைத்த பங்கு 1,500 டாலர். அடிமாட்டு விலைதான். பிறகு அதே பிளாண்டருக்கே கேப்டனானார். சொந்த ஊரான போஃபர்ட்டில் பழைய எஜமானர் வீடு வரி பாக்கிக்கு ஏலம் வர, அதையும் வாங்கிப்போட்டார்.

எழுதப் படிக்கவே வளர்ந்த பிறகுதான் கற்றார். 1868இல் தென் கரோலினாவின் அரசியல் சாசன மன்றத்தில் உட்கார்ந்து, எல்லாப் பிள்ளைக்கும் இலவசப் பள்ளி வேண்டும் என்று வாதாடினார். அதே ஆண்டு சட்டசபை, 1870இல் மேலவை, அப்புறம் வாஷிங்டனில் நாடாளுமன்றம். 1877இல் ஆட்சி பழைய எஜமானர் கூட்டத்தின் கைக்குப் போனதும், மேலவையில் இருந்தபோது அச்சு ஒப்பந்தத்துக்கு 5,000 டாலர் லஞ்சம் வாங்கினார் என்று வழக்குப் போட்டு மூன்றாண்டு சிறைத்தண்டனை விதித்தார்கள். முழுக் கப்பலையே கிளப்பிப்போனவர் மீது இவ்வளவு சில்லறைக் குற்றச்சாட்டா என்பதுதான் என் வருத்தம். 1879இல் ஆளுநர் மன்னித்துவிட்டார்.

1895இல் கறுப்பர்களின் ஓட்டைப் பறிக்கவென்றே ஒரு புதுச் சாசன மன்றம் கூடியது. கறுப்பர், வெள்ளையர் கலப்பு மணத்துக்குத் தடை போடலாம் என்று பேச்சு எழுந்தது. ஸ்மால்ஸ் எழுந்து ஒரு திருத்தம் கொடுத்தார்: கறுப்புப் பெண்ணோடு குடும்பம் நடத்தும் வெள்ளைக்காரர் எவரும் பதவி வகிக்கக் கூடாது. பிறக்கிற பிள்ளைக்குத் தகப்பன் பெயரைச் சூட்டவேண்டும் என்றும் சேர்த்துக்கொண்டார். அவையில் பெரிய ரகளை. இருந்த கனவான்கள் ஒன்றுகூடித் திருத்தத்தைத் தோற்கடித்தார்கள்.