அரைப்பேர்

பூண்டுலோயா டவுனுக்கு முடி வெட்டப் போனால் தலையில் பாரம் குறையும். தலைக்குள் கொஞ்சம் ஏறும். எழுபதுகளில் அந்தச் சலூன் பெஞ்சில் அட்டை கிழிந்த ‘சிரித்திரன்’ கிடக்கும். என் முறை வந்தாலும், “நீங்க உக்காருங்கண்ணே” என்று பின்னால் வந்தவருக்கு விட்டுக்கொடுப்பேன். பண்பான பையன் என்று சலூன்காரர் நம்பினார்.

1963ல் கொழும்பில் அந்த இதழைத் தொடங்கியவர் சி. சிவஞானசுந்தரம். படத்தில் வெறும் ‘சுந்தர்’. கட்டடக்கலை படிக்கப் பம்பாய்க்குப் போனவர் கார்ட்டூனிஸ்டாகத் திரும்பினார், நட்டம் கட்டடங்களுக்குத்தான். சவாரித்தம்பர், சின்னக்குட்டி, மைனர் மச்சான் எல்லாரும் நாலே கோட்டில் எழும்பி நின்றுவிடுவார்கள். தாமோதரன் நாகரிகம் முற்றி ‘டாமோடிரன்’ ஆனதிலேயே பாதிச் சிரிப்பு முடிந்துவிடும். மீதிக்குத்தான் படம்.

தம்பர் ஊர்ப் பேச்சு எனக்குப் பாதிதான் விளங்கும். பனைமரமே பார்த்திராத கொத்மலைப் பொடியன் நான்; யாழ்ப்பாணத்துக் ‘கதியால்’ ஏதோ பலகாரம் என்று வெகுநாள் நினைத்திருந்தேன். வேலிக்கு நடும் தடியாம். ஆனாலும் சிரித்தேன். பெரிய மனுசத்தனம் பண்ணுகிறவனுக்கு எந்த ஊரிலும் ஒரே தொந்திதான்.

அந்தத் தைரியத்தில் கொப்பியில் எங்கள் தேயிலைத் தோட்டத்தை வரைந்தேன். கூடை நிறையக் கொழுந்து. தராசு முள் மட்டும் வெட்கப்பட்டுப் பின்னால் நடக்கிறது. பக்கத்தில் செக்ரோலும் ஆள் உயரப் பென்சிலுமாய்க் கணக்கப்பிள்ளை. கீழே ஒரே சொல்: ‘அரைப்பேர்’. நிறை குறைந்தால் செக்ரோலில் அன்றைக்கு அரைச் சம்பளம்தான் விழும்.

அப்பா இருமல் வரும்வரை சிரித்தார். பிறகு தாளைக் கிழித்து அடுப்பில் போட்டார். “தொர பாத்தா முழுப்பேரையும் வெட்டிருவாருடா!”

சுந்தர் 1996ல் போய்விட்டார். சலூன் பெஞ்சில் இப்போது ஆளுக்கொரு போன். யாரும் யாருக்கும் முறையை விட்டுக்கொடுப்பதில்லை. கொத்மலை நீர்த்தேக்கம் வற்றினால் மூழ்கிப்போன கடதொர விகாரை தலைகாட்டும். அப்பா எரித்த படமும் போன மாதம் அப்படித்தான் எழும்பியது. போனில் படம் வரையும் பேரன், “தோட்டத்தப் பத்தி ஒரு ஜோக் சொல்லுங்க தாத்தா” என்றான். சொன்னேன். பத்து நிமிஷத்தில் கலரோடு நீட்டினான்.

“முள்ளு எங்கடா?”

“இப்பல்லாம் டிஜிட்டல் தராசு தாத்தா. நம்பர்தான்.”

பார்த்தேன். நம்பர் வெட்கப்பட்டுப் பின்னால் நடந்தது. கீழே இருந்த சொல்லை மட்டும் அவன் மாற்றவில்லை, மாற்ற வேண்டியிருக்கவில்லை.

கொழுந்து எடுத்துவிட்டு வந்த மகள் படத்தை வாங்கிப் பார்த்தாள். இருமல் வரும்வரை சிரித்தாள். பிறகு மகனிடம் போனை நீட்டி, “மொதல்ல இத அழி” என்றாள்.

முன்னேற்றம் இல்லை என்று யார் சொன்னது? இப்போது அதற்கு அடுப்புகூடத் தேவையில்லை.