நாட்டுக்கு ஒரு சப்டைட்டில்

பிரசன்ன விதானகேயின் 'இர மெதியம' 2003இல் வந்த போர்க்காலப் படம். காணாமற்போன விமானியைத் தேடும் மனைவி. புலிகள் விரட்டும் முஸ்லிம் ஊரில் நாயைப் பிரிய மாட்டாமல் நிற்கும் சிறுவன். விபச்சார விடுதிக்குப் போன இடத்தில் சொந்தத் தங்கையைக் காணும் சிப்பாய். மட்டக்களப்புக் கல்லடியில் வீட்டுக்குள் இருந்து, ஒழுங்கான சப்டைட்டிலோடு பாருங்கள். கோபம் வரும். படத்தின் மேல் அல்ல.

சிங்களம் பேசினாலும் கீழே வரி ஓடுகிறது. தமிழ் பேசினாலும் ஓடுகிறது. யார் சொன்னதும் நடுவில் காணாமற் போவதில்லை. இத்தனைக்கும் அந்தப் படத்துக்கு ஒரு அமைச்சு இல்லை, ஆணைக்குழு இல்லை.

அரசிடம் எல்லாம் இருக்கிறது. 1956இல் தனிச் சிங்களச் சட்டம் போட்டு நாட்டைக் கொளுத்தினார்கள். 1987இல், 13ஆவது திருத்தத்தில், தமிழும் அரச கரும மொழி என்றார்கள். 1991இல் அதைக் கவனிக்க ஆணைக்குழுச் சட்டமும் வந்தது. மும்மொழிப் பெயர்ப்பலகையும் வந்தது. வாசலில் பலகை தமிழ் பேசும். உள்ளே மேசை பேசாது.

படுவான்கரையிலிருந்து மண்முனைப் பாலம் தாண்டி ஒரு தாய் பொலிஸ் நிலையத்துக்கு வருகிறாள். பிள்ளையைக் காணவில்லை. அவள் தமிழில் அழுகிறாள். பொலிஸ்காரர் சிங்களத்தில் எழுதுகிறார். பக்கம் நிறைகிறது. தாளைத் திருப்பி வைத்து அடியில் விரலால் தட்டுகிறார்: "மெத்தன அத்சன் கரன்ன." இங்கே கையெழுத்திடுங்கள் என்கிறார். அவள் தன் பெயரை எழுதுகிறாள். அந்தப் பக்கத்தில் அவளுக்கு விளங்கும் ஒரே சொல் அதுதான்.

இது யாருக்கும் தெரியாத இரகசியமா? கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு 2010இல் மட்டக்களப்புக்கே வந்து கேட்டுப் போனது. பொலிஸ் நிலையங்களில் 24 மணி நேரமும் இருமொழி தெரிந்தவர் இருக்க வேண்டும், முறைப்பாட்டாளர் விரும்பும் மொழியில் வாக்குமூலம் எழுத வேண்டும் என்று 2011இல் அறிக்கை கொடுத்தது. எழுதிய கைக்குத் தங்கக் காப்புப் போடலாம். ஆனால் அந்த அறிக்கையே முதலில் ஆங்கிலத்தில்தான் வெளிவந்தது. அழுதவர்கள் ஒரு மொழியில் அழுதார்கள். பாடம் கற்றவர்கள் வேறு மொழியில் கற்றார்கள்.

சரி, மொழிதான் தடை என்று நம்புவோம். அப்படியானால் அதே விதானகேயின் 'புரஹந்த களுவர'வை 2000இல் ஏன் நிறுத்தினார்கள்? முத்திரையிட்டு வந்த சவப்பெட்டியைத் தோண்டித் திறக்கும் சிங்களக் கிழவனின் கதை அது. பெட்டிக்குள் மகன் இல்லை. போர்க்காலத்துக்கு ஆகாது என்றார்கள். உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகுதான் விட்டார்கள். அந்தப் படம் முழுக்கத் தெளிவான சிங்களம். அரசுக்கு நன்றாக விளங்கிவிட்டது. அதுதான் சிக்கல்.

ஆகவே மொழிபெயர்ப்பாளர் தட்டுப்பாடு என்று இனியும் கதை விடாதீர்கள். 2009 மே 19 அன்று, போர் வெற்றியை அறிவித்த நாடாளுமன்ற உரையில் மகிந்த ராஜபக்ச தமிழிலும் பேசினார். வென்றதைச் சொல்லத் தமிழ் கிடைத்தது. தொலைந்ததை எழுதத்தான் ஆள் கிடைக்கவில்லை.