கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே!

வீடு விற்கிறவர் பொய் சொல்ல மாட்டார். அதில் ரொம்பக் கறார். கேட்ட கேள்விக்குப் பதில் சொல்வார்; கேட்காததற்கு வாய் திறக்க மாட்டார்.

“தண்ணி எப்படி சார்?”

“இந்தத் தெருவில தண்ணிக்குக் குறைவே இல்லை.”

வேளச்சேரியில் இந்தப் பதிலை எப்படி எடுத்துக்கொள்ள வேண்டும் என்று 2015 டிசம்பரில் அங்கே குடியிருந்தவர்களைக் கேட்டால் தெரியும். நாம் கிரையம் முடிந்த பிறகுதான் அவர்களைக் கேட்கிறோம். இடுப்பளவு வெள்ளமாமே சார் என்று போன் போட்டால், அவருக்கு நிஜமாகவே வருத்தம். “நீங்க போர்த்தண்ணியைக் கேக்கறீங்கன்னு நெனச்சேன். வெள்ளத்தைப் பத்திக் கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே!”

படுக்கையறைச் சுவரில் ஜவுளிக்கடைக் காலண்டர் ஒன்று, நல்ல அகலம். அதற்கு அடியில் போன வருடத்தது, அதற்கும் அடியில் முந்தைய வருடத்தது. மூன்றையும் கழற்றினால் உள்ளங்கை ஈரமாகிற அளவுக்கு ஓதம். “காலண்டரைத் தூக்கிப் பார்க்கக் கூடாதுன்னு நான் சொன்னேனா?” சொல்லவில்லைதான்.

1882-ஆம் வருடத்துச் சொத்து மாற்றுச் சட்டத்தில் 55-வது பிரிவு இவரை மனதில் வைத்தே எழுதியது போலிருக்கும். சொத்திலோ உரிமையிலோ முக்கியமான குறை இருந்து, அது விற்பவருக்குத் தெரிந்து, வாங்குபவருக்குத் தெரியாமல், அவர் சாதாரணக் கவனத்தோடு பார்த்தாலும் தெரியவராது என்றால், விற்பவர்தான் சொல்லியாக வேண்டும். மறைத்தால் அது மோசடிக் கணக்கில் சேரும். வக்கீல் இதைப் படித்துக் காட்டியபோது தலையாட்டிக்கொண்டே கேட்டார். “அதான் சார் நானும் சொல்றேன், சாதாரணக் கவனம்! நீங்க வெச்சுப் பார்த்திருக்கணும்.”

கேட்காமல் சொல்லவே தெரியாதவரா? கறிவேப்பிலைச் செடிக்குப் புளித்த மோர் ஊற்றச் சொன்னார். எந்தப் பால்காரர் தண்ணீர் கலக்கிறார் என்றும், பின்கட்டுக்கு வரும் பூனை தயிர்சாதம்தான் தின்னும் என்றும் சொன்னார். சாவியைக் கொடுக்கும்போது கண் கலங்கியது. பார்த்த எனக்கும் என்னவோ போலிருந்தது. “பக்கத்து வீட்டுக்காரர் மட்டும் கொஞ்சம் முன்கோபி” என்றார்.

அந்த முன்கோபிக்கும் இவருக்கும் காம்பவுண்டுச் சுவரை வைத்து நடக்கும் வழக்கைப் பற்றி மட்டும் மூச்சு விடவில்லை. வில்லங்கம் போட்டுப் பார்த்தோமே என்றால், அதில் பதிவான பத்திரங்கள்தான் வரும். கோர்ட்டில் நிற்கிற தாவா வர வேண்டும் என்பதில்லை. தீர்ப்பு மட்டும் வாங்கினவன் தலையில் விடியும்.

முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம் என்று அரசாங்கத்துக்கே நூற்றுக்கு ஒன்பது அழுதாயிற்று. இப்போது வக்கீலுக்கும் அழுகிறேன். ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் விலையில் கொஞ்சம் குறைக்கச் சொல்லியிருப்பேன், அவ்வளவுதான். வீட்டை வாங்கத்தான் போகிறேன் என்பது அவருக்கும் தெரியும்.